உயிர் தப்பியோர் வாக்குமூலம்

(ஹிரோஷிமா, நாகசாக்கி நினைவையொட்டி மடுல்சீமையிற் கூடிய பொதுக்கூட்டத்தில் ஆற்றப்பட்ட உரை)



அணுக்குண்டைப் பற்றிப் பேசுவதற்கு மடுல்சீமை மலைதானா கிடைத்தது என்று உங்களிற் சிலர் எண்ணக்கூடும். அந்த எண்ணத்திலே நியாயம் இருக்கிறது. நாட்சம்பளம் போதவில்லை, லயத்துக் கூரை ஒழுகுகிறது, தலைமுறை தலைமுறையாகக் குடியிருக்கும் நிலம் சொந்தமில்லை, கிழங்கும் கோவாவும் பயிரிட்டவனுக்குச் சந்தையிலே விலையில்லை. இத்தனைக்கும் நடுவே, 1945ஆம் ஆண்டிலே யப்பானில் விழுந்த குண்டைப் பற்றி நமக்கென்ன பேச்சு? இதற்கு விடை கூறாமல் மேலே செல்வது முறையன்று.

விடையை வெளிநாட்டிலே தேடவேண்டாம். நம்முடைய பதுளை மாவட்டத்திலேயே, கொஸ்லாந்தைக்கு அருகே, மீரியபெத்தைத் தோட்டம் இருந்தது. 2014 அக்டோபர் 29ஆம் நாள் காலையிலே மலை இறங்கி வந்து லயங்களை மூடியது. அந்த மலை நிலையானதன்று என்று ஆய்வாளர் முன்னரே எச்சரித்திருந்தார்கள். எச்சரிக்கை கடுதாசியிலே இருந்தது. மக்கள் லயத்திலே இருந்தார்கள். பாடசாலைக்குப் போயிருந்த பிள்ளைகள் பிழைத்துக்கொண்டு திரும்பி வந்தபோது வீடும் இல்லை, பெற்றவர்களும் இல்லை. மண்ணுக்குள் எத்தனை பேர் என்று அன்று எவராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. அப்போது நாட்டுக்கு உண்மையைச் சொன்னவர்கள் யார்? உயிர் தப்பியவர்கள்தாம். இந்த இடத்திலே இன்னார் வீடு, அந்த இடத்திலே இன்னார் அடுப்படி என்று அவர்கள் கைநீட்டிக் காட்டியிராவிட்டால் மாண்டவர்களுக்குப் பெயர்கூட மிஞ்சியிராது.

ஆகவே, உயிர் தப்பியவன் வாக்குமூலம் என்றால் என்ன என்பதை ஊவா மக்களுக்கு ஒருவர் வந்து கற்பிக்க வேண்டியதில்லை. அந்த அறிவை வைத்துக்கொண்டு ஹிரோஷிமாவைப் பாருங்கள் என்பதே என் வேண்டுகோள்.

1945 ஆகஸ்ட் 6ஆம் நாள் காலை 8.15 மணிக்கு ஹிரோஷிமாவிலும், 9ஆம் நாள் முற்பகல் 11.02க்கு நாகசாக்கியிலும் குண்டுகள் வெடித்தன. அவ்வாண்டு முடிவதற்குள் ஹிரோஷிமாவிலே ஏறத்தாழ 1,40,000 பேரும் நாகசாக்கியிலே ஏறத்தாழ 70,000 பேரும் மாண்டனர். ஏறத்தாழ என்றுதான் சொல்ல முடிகிறது. எண்ண வேண்டியவனும் எரிந்தான், எண்ணிக்கைப் புத்தகமும் எரிந்தது.

நாகசாக்கியிலே அன்று சுமித்தெரு தானிகுச்சி என்ற பதினாறு வயதுப் பையன் சைக்கிளிலே கடிதம் பட்டுவாடா செய்துகொண்டிருந்தான். குண்டு வெடித்த இடத்திலிருந்து 1.8 கிலோமீற்றர் தூரம். ஒளி அவன் முதுகிலே பட்டது. முதுகுத்தோல் முழுவதும் உரிந்துபோயிற்று. ஓராண்டும் ஒன்பது மாதமும் அவன் குப்புறப் படுத்தே கிடந்தான். முதுகு ஆறுவதற்குள் படுக்கைப் புண்ணால் நெஞ்சு அழுகிற்று. என்னைக் கொன்றுவிடுங்கள் என்று மருத்துவத் தாதிகளிடம் கதறினான். 1949 மார்ச்சிலேதான் மருத்துவமனையை விட்டு வெளியே வந்தான். அந்தப் பையன் பின்னர் 88 வயது வரை வாழ்ந்து, 2017இல் மறையும்வரை, தன் சிவந்த முதுகின் படத்தைக் கையிலே பிடித்துக்கொண்டு உலக மன்றங்களின் முன் நின்றார். கண்ணைத் திருப்பிக்கொள்ளாமல் பாருங்கள் என்பதுதான் அவர் கேட்டது.

பிழைத்தவர்கள் உடனே பேசினார்களா என்றால், பேசவிடவில்லை. 1945 செப்டெம்பரிலே அமெரிக்கப் படையாட்சி செய்தித் தணிக்கையை விதித்தது. குண்டினால் விளைந்த நோயைப் பற்றி எழுதுவது பொது அமைதிக்குக் கேடு என்றாயிற்று. 1947இலே அமெரிக்கர் அங்கே ஓர் ஆய்வுக்கழகம் அமைத்தார்கள். பாதிக்கப்பட்டவர்களை வண்டி அனுப்பி வரவழைத்தார்கள், இரத்தம் எடுத்தார்கள், நிறுத்தார்கள், அளந்தார்கள், படம் பிடித்தார்கள், மருந்து மட்டும் கொடுக்கவில்லை. ஆராய்வதே எம் பணி, வைத்தியம் எம் பணியன்று என்பது அவர்கள் கொள்கை. கொழுந்தை நிறுத்து எழுதும் தராசை நீங்கள் அறிவீர்கள். மனிதனை நிறுத்து எழுதிவிட்டுத் திருப்பியனுப்பிய தராசு அது. யப்பானிய அரசு இவர்களுக்கு மருத்துவ உதவிச் சட்டம் இயற்றியது 1957இலே. பன்னிரண்டு ஆண்டு கழித்து!

இங்கே ஒரு மறுப்பு எழும். யப்பான் என்ன, குற்றமற்ற நாடா? 1942 ஏப்ரலிலே கொழும்பிலும் திருகோணமலையிலும் குண்டு போட்டது யார்? மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் இனத்துத் தொழிலாளரைப் பிடித்துச் சென்று, பர்மா சயாம் ரயில் பாதையிலே காலராவுக்கும் பட்டினிக்கும் பல்லாயிரக்கணக்கில் பலிகொடுத்தது யார்? உண்மை. அந்தக் கொடுமையை மறக்கச் சொல்ல எனக்கு உரிமையில்லை. அந்தத் தமிழர் வாக்குமூலமும் உரியவாறு எழுதப்படவில்லை என்பது வேறொரு துக்கம். ஆனால் மரண ரயிலுக்கு ஆள்பிடித்தவன் வேறு, கடிதம் கொடுக்கப் போன பையன் வேறு. ஹிரோஷிமாவிலே கட்டாய வேலைக்குக் கொண்டுவரப்பட்ட கொரியத் தொழிலாளரும் ஆயிரக்கணக்கில் மாண்டார்கள். குண்டு அவர்களிடம் நீ அடிமையா ஆண்டையா என்று கேட்கவில்லை. அஃது எவரிடமும் எதுவும் கேட்பதில்லை. அதனால்தான் அதனை ஆயுதம் என்று சொல்லவே நா கூசுகிறது. போருக்கு முன் பசுக்களையும், பெண்டிரையும், பிணியாளரையும் அரணுக்குள் போகச் சொல்லி அறிவித்த பின்னரே அம்பு தொடுத்த பாண்டியனை நெட்டிமையார் பாடினார், புறநானூற்றிலே இருக்கிறது. அந்த அறத்தை மன்னர்கள் எவ்வளவு கடைப்பிடித்தார்கள் என்பதைப் புலவர் பாட்டைக்கொண்டு மட்டும் தீர்மானிக்க முடியாதுதான். ஆயினும் அத்தகைய அறம் உண்டு என்று ஒத்துக்கொள்ளவேனும் வெட்கப்படாத காலம் அது.

ஹிரோஷிமாவோடு கதை முடிந்துவிட்டதா? 1954 மார்ச் முதலாம் நாள், பசிபிக் கடலிலே பிக்கினித் தீவில் அமெரிக்கா ஐதரசன் குண்டொன்றை வெடித்தது. ஹிரோஷிமாக் குண்டைப்போல் ஆயிரம் மடங்கு வலிமை. போர் இல்லை, பகைவன் இல்லை, வெறும் சோதனை. பவளப்பாறை சுண்ணாம்பாகி, வானிலே ஏறி, காற்றோடு வந்து, நூறு மைல் அளவு தொலைவிலுள்ள ரொங்கெலாப் தீவிலே வெள்ளைத் தூளாக விழுந்தது. தேயிலை மலைக்கு நாம் டொலமைட் தூவுகிறோமே, அதைப்போல என்று எண்ணிக்கொள்ளுங்கள். பிள்ளைகள் அதை அள்ளி விளையாடினார்கள். குடிநீரிலே விழுந்தது, குடித்தார்கள். அன்று எட்டு வயதை அடைந்த லிஜோன் எக்னிலாங் என்ற சிறுமி அந்தப் பிள்ளைகளுள் ஒருத்தி. வாந்தி கண்டது, தோல் வெந்தது. இரண்டு நாள் சென்றபின்னரே கப்பல் வந்து அவர்களை ஏற்றிச் சென்றது. அதே தூளிலே அகப்பட்ட யப்பானிய மீன்பிடிக் கப்பலில் 23 பேர். அதன் வானொலியாளர் குபோயாமா அவ்வாண்டு செப்டெம்பரிலே இறந்தார். மூன்றாண்டு கழித்து ரொங்கெலாப் மக்களை அத் தீவிலேயே கொண்டுபோய் மீண்டும் குடியேற்றினார்கள்.

எக்னிலாங் வளர்ந்தார். கருவுற்றார், கரு சிதைந்தது. ஒருமுறையன்று, ஏழுமுறை. அத் தீவுப் பெண்களுக்குப் பிறந்த சில குழந்தைகளுக்கு எலும்பில்லை; தோல் கண்ணாடிபோல் ஊடுருவித் தெரிந்தது; ஒன்றிரண்டு நாள் மூச்சுவிட்டு அடங்கின. மானத்துக்கு அஞ்சி அந்தப் பெண்கள் இதனை வெளியே சொல்லாமல் நெடுங்காலம் புதைத்து வைத்திருந்தார்கள். 1995 நவம்பரிலே எக்னிலாங் ஹேக் நகரத்துச் சர்வதேச நீதிமன்றத்தின் முன் நின்று அத்தனையும் சொன்னார். அணுவாயுதத்தைப் பயன்படுத்துவது சட்டத்துக்கு ஒவ்வுமா என்று ஐக்கிய நாடுகள் பொதுச்சபை அந்த நீதிமன்றத்தைக் கேட்டிருந்த நேரம் அது. ஹிரோஷிமா, நாகசாக்கி நகரங்களின் மேயர்களும் அங்கே சாட்சியம் அளித்தார்கள்.

அந்த நீதிபதிகளின் வரிசையிலே நம் நாட்டவர் ஒருவர் இருந்தார் என்பதை இந்தக் கூட்டத்திலே எத்தனை பேர் அறிவீர்கள்? கிறிஸ்டோபர் வீரமந்திரி. சிங்களவர், எமக்கும் உரியவர். 1996 ஜூலை 8ஆம் நாள் நீதிமன்றம் கருத்துரைத்தது: அணுவாயுதப் பயன்பாடு பொதுவாகப் போர்ச்சட்டத்துக்கு மாறானது, ஆனால் ஒரு நாட்டின் உயிர்வாழ்வே ஆபத்திலிருக்கும் கடைசிக் கட்டத்தில் அது சட்டவிரோதமா அன்றா என்று எம்மால் முடிவுசொல்ல இயலவில்லை. ஏழுக்கு ஏழாக வாக்குப் பிரிந்து, தலைமை நீதிபதியின் வாக்கினால் நிறைவேறிய முடிவு. வீரமந்திரி அதற்கு உடன்படவில்லை. எந்தச் சூழ்நிலையிலும், எந்த விலக்குமின்றி, அது சட்டவிரோதம் என்று நெடியதொரு மாறுபட்ட தீர்ப்புரை எழுதினார். அதிலே தீவுப் பெண்களின் சாட்சியத்தை எடுத்தாண்டார். கூடவே, படையெடுக்காதோரையும் சேர்த்தழிக்கும் அத்திரத்தை விடாதே என்று இராமன் இலக்குவனைத் தடுத்ததையும், அருச்சுனன் பாசுபதத்தை ஏவாமல் நின்றதையும் எடுத்துக்காட்டினார். சட்டம் என்பது ஐரோப்பாவிலே மட்டும் பிறந்த சரக்கன்று என்று காட்டினார். (மறு ஆண்டு டான்யூப் நதி வழக்கிலே இலங்கையின் குளங்களையும் கால்வாய்களையும் பற்றி எழுதியவரும் இவரே. வயல் வைத்திருப்பவர்கள் அவரை இதற்காகவும் நினைவிற் கொள்ளலாம்.)

பிரசவ வேதனையைச் சொல்லக் கூசிய ஒரு தீவுப்பெண்ணின் சொல், ஹேக்கிலே சட்டச் சொல்லாக மாறிற்று. நான் இன்று இங்கே சொல்ல வந்ததன் உயிர் இதுதான். தளபதிகளின் கணக்கிலே குண்டு என்பது இத்தனை கிலோதொன். விஞ்ஞானியின் கணக்கிலே அது ஒரு வாய்பாடு. அது மனிதனுக்கு என்ன செய்யும் என்பதற்கு ஒரே சான்று அதன் கீழே இருந்தவன் சொல். 1956 ஆகஸ்டிலே நாகசாக்கியில் உயிர் தப்பியோர் தமக்கென ஒரு சம்மேளனம் கண்டார்கள். நிகோன் ஹிடாங்கியோ என்பது பெயர். அதற்கு 2024ஆம் ஆண்டின் நோபல் சமாதானப் பரிசு கிடைத்தது. டிசம்பர் 10இலே ஒஸ்லோவில் பரிசுரை ஆற்றிய தெருமி தனாக்காவுக்கு வயது 92. நாகசாக்கியிலே பதின்மூன்று வயதில் உறவினர் ஐவரை இழந்தவர். பதிவு பெற்ற உயிர் தப்பியோர் தொகை 2025 மார்ச்சிலே ஒரு லட்சத்துக்குக் கீழே இறங்கிவிட்டது. அவர்கள் சராசரி வயது 86. இன்னும் சில ஆண்டுகளிலே நான் பார்த்தேன் என்று சொல்ல ஒருவரும் இருக்கமாட்டார்.

இனி நம்மவர் பெருமைக்கு வருகிறேன். இது சிலருக்குக் கசக்கும். 1998 மே மாதம் இந்தியா பொக்ரானிலே ஐந்து குண்டுகளை வெடித்தபோது, அதனை முன்னின்று நடத்தியவர்களுள் இருவர் தமிழர்: இராமேசுவரத்து அப்துல் கலாம், சென்னையிலே பிறந்த சிதம்பரம். இருவரும் இன்று இல்லை. ஓடக்காரர் மகன் குடியரசுத் தலைவரானான் என்று நம் லயங்களிலே கலாமின் படம் தொங்குகிறது. அவர் எளிமைக்கும் உழைப்புக்கும் நானும் தலைவணங்குவேன். ஆனால் குண்டு செய்தவன் தமிழன் என்பதால் குண்டு தமிழாகிவிடாது. இதே தமிழ்மண்ணிலே பிறந்த இராசாசி, 1962 செப்டெம்பரிலே, 83 வயதில், காந்தி சமாதான நிறுவனத்தின் தூதராக வாஷிங்டன் சென்று ஜனாதிபதி கென்னடியைக் கண்டு, வெடிச்சோதனையை நிறுத்துங்கள் என்று வாதாடினார். மறு ஆண்டு ஆகஸ்டிலே வளிமண்டலச் சோதனைகளைத் தடைசெய்யும் உடன்பாடு மாஸ்கோவிலே கையெழுத்தானது. அஃது இராசாசியாலே வந்தது என்று நான் சொல்லவில்லை. அரசியலிலே அவரோடு மாறுபடுகிறவர்கள் இந்தக் கூட்டத்திலும் இருப்பார்கள். நானும் பலவற்றில் மாறுபடுகிறவனே. தமிழன் பெயரால் பெருமைப்பட வேண்டுமென்றால் அந்தப் பயணத்திலும் பெருமை இருக்கிறது என்கிறேன்.

கூடங்குளம் மின்நிலையத்தைப் பற்றிய வாதம் தனி வாதம்; அதை இதிலே கலந்து குழப்ப விரும்பவில்லை.

குண்டு இருப்பதால்தான் போர் வரவில்லை என்பார்கள். இரு நாடுகளும் வெடித்துக்காட்டிய மறு ஆண்டே கார்கில் வந்தது. 2025 மேயிலே நான்கு நாள் ஏவுகணைகளும் வானூர்திகளும் எல்லை கடந்தன. 2022 மார்ச் 9ஆம் நாள் நடந்தது இன்னும் வேடிக்கை: இந்தியாவின் பிரமோஸ் ஏவுகணையொன்று தவறுதலாகக் கிளம்பிப் பாகிஸ்தானுக்குள்ளே போய் விழுந்தது. அதன் தலையிலே வெடிமருந்து இல்லை, எவரும் மாளவில்லை. விசாரணைக்குப் பின் மூன்று அதிகாரிகள் பதவி இழந்தார்கள். அந்தச் சில நிமிடங்களிலே எதிர்த்தரப்பில் இருந்தவன் பதறியிருந்தால்? காவலுக்கு வைத்த துப்பாக்கி கைதவறி வெடிக்கும் வீட்டிலே குழந்தைகளைத் தூங்கவைக்கலாம் என்பவர்கள் வைக்கட்டும்.

2025 ஜனவரிக் கணக்கின்படி இந்தியாவிடம் சுமார் 180, பாகிஸ்தானிடம் சுமார் 170 அணுக்குண்டுகள். உலகிலே ஒன்பது நாடுகளிடம் சேர்ந்து 12,000க்கு மேல். இந்தியாவும் பாகிஸ்தானும் மட்டும் மோதிக்கொண்டால் என்னவாகும் என்று அமெரிக்காவின் ரட்கர்ஸ் பல்கலைக்கழக விஞ்ஞானிகள் கணித்து 2022 ஆகஸ்டிலே வெளியிட்டார்கள். எரியும் நகரங்களின் புகைக்கரி மழைமேகத்துக்கும் மேலே ஏறிவிடும். மழை எட்டாத உயரமாதலால் கழுவப்படாமல் ஆண்டுக்கணக்கில் அங்கேயே நிற்கும். வெயில் குறையும், மழை குன்றும், விளைச்சல் வீழும். பசியினால் மட்டும் 200 கோடிக்கு மேற்பட்டோர் மாளக்கூடும் என்பது அவர்கள் கணிப்பு.

விவசாயிகளே, இது உங்களுக்கு விளங்காத கணக்கன்று. ஊவாத் தேயிலைக்கு மணம் எப்படி வருகிறது? ஆடி, ஆவணியிலே இந்தச் சரிவுகளில் வீசும் வறட்காற்றாலே வருகிறது. பிபிலைப் பக்கத்து வயலுக்கு நீர் எப்படி வருகிறது? வடகீழ்ப் பருவமழையாலே வருகிறது. வெயிலும் காற்றும் மழையும் ஒரு மாதம் தவறினால் என்னவென்று அறிந்தவர்கள் நீங்கள். 2022இலே உக்ரேனிலே போர் மூண்டது. நம் நாட்டிலோ அந்நியச் செலாவணி தீர்ந்திருந்தது. இரண்டும் சேர்ந்து கோதுமை மா என்ன விலைக்கு ஏறிற்று என்பதை ரொட்டி சுட்ட தாய்மாரைக் கேட்டால் சொல்வார்கள். அப்போது உலகச் சந்தையிலே மா இருந்தது, நம்மிடம் பணம் இல்லை. அணுப்போரின் பின் பணமிருந்தாலும் மா இராது. டில்லியிலும் இஸ்லாமாபாத்திலும் எடுக்கும் முடிவுக்கு மடுல்சீமையிலே அடுப்பணையும். மடுல்சீமையை எவரும் கேட்கமாட்டார்கள்.

கேட்காமல் முடிவெடுப்பது எப்படியிருக்கும் என்பதை நமக்கு விளக்கவேண்டுமா? 1964 அக்டோபர் 30ஆம் நாள் சிறிமாவோ அம்மையாரும் சாஸ்திரியாரும் கையெழுத்திட்டார்கள். 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே, மீதி 1,50,000 பேர் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அண்ணன் இங்கே, தங்கை அங்கே. கொழுந்துக் கூடையோடு நின்ற ஒருத்தியையேனும் அழைத்து, அம்மா உன் விருப்பமென்ன என்று கேட்டார்களா?

ஆனால் இம்முறை கேட்பதற்கு நமக்கொரு பிடி இருக்கிறது. அணுவாயுதங்களை முற்றாகத் தடைசெய்யும் ஒப்பந்தம் 2017 ஜூலை 7இலே 122 நாடுகளின் வாக்கோடு நிறைவேறியது. 2021 ஜனவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன் முகவுரையிலே உயிர் தப்பியோர் பட்ட துன்பம் பெயர்சொல்லிக் குறிக்கப்பட்டிருக்கிறது; யப்பானியர் அவர்களை அழைக்கும் ஹிபாகுஷா என்ற சொல்லாலேயே. குண்டு வைத்திருக்கும் ஒன்பது நாடுகளுள் ஒன்றேனும் அதிலே சேரவில்லை. இந்தியா பேச்சுவார்த்தைக்கே வரவில்லை. சேராதவர்களை அந்த ஒப்பந்தம் கட்டுப்படுத்தாது என்பதும் உண்மையே. ஆனால் இலங்கை 2023 செப்டெம்பர் 19இலே சேர்ந்துவிட்டது. ஐக்கிய நாடுகளின் ஆயுதக் குறைப்புத் துறையை 1998 முதல் ஐந்தாண்டு நடத்திய ஜயந்த தனபாலா அவ்வாண்டு மேயிலே காலமானார். நான்கு மாதம் பொறுத்திருந்தால் கண்ணாலே கண்டிருப்பார்.

அந்த ஒப்பந்தத்தின் 12ஆம் பிரிவைப் படியுங்கள். சேர்ந்த நாடு ஒவ்வொன்றும், சேராத நாடுகளைச் சேருமாறு ஊக்க வேண்டும் என்று அது கடமை விதிக்கிறது. விருப்பமிருந்தால் செய் என்பதன்று, செய்ய வேண்டும். ஆகவே கொழும்பு அரசை நாம் கேட்கலாம்: டில்லியோடு கடன் பேசினீர்கள், எண்ணெய்க் குழாய் பேசினீர்கள், மின்கம்பி பேசினீர்கள், 12ஆம் பிரிவைப் பேசினீர்களா? பேசியிருந்தால் என்ன பதில் வந்தது? பதுளை மாவட்டத்து நாடாளுமன்ற உறுப்பினர்கள் இதனைச் சபையிலே கேள்வியாக எழுப்ப வேண்டும். நம் வாக்கை வாங்கிச் சென்றவர்களிடம் இதைக் கேட்பதற்கு எவர் அனுமதியும் வேண்டியதில்லை. எக்னிலாங், தானிகுச்சி ஆகியோரின் வாக்குமூலங்களைத் தமிழிலே நம் பிள்ளைகளின் பாடநூலில் சேர்க்க வேண்டும் என்பதும் தீர்மானத்திலே இருக்கிறது. ஆசிரியர்கள் அதுவரை காத்திராமல் வகுப்பிலே சொல்லத் தொடங்கலாம்.

கடைசியாக ஒன்று. உங்களிலே பலருக்குக் கூடலூரிலும் கோத்தகிரியிலும் குன்னூரிலும் உறவுண்டு. 1964ஆம் ஆண்டுக் கையெழுத்து அனுப்பிவைத்த உறவு. அவர்கள் அங்கே வாக்காளர். டில்லிக்கு ஆளனுப்பும் வாக்கு அவர்கள் கையிலே இருக்கிறது. நம் கையிலே இல்லை. கலியாணத்துக்கும் கருமாதிக்கும் தொலைபேசியிலே பேசும்போது இதனையும் பேசுங்கள். தீர்மானத்தின் படியொன்றை எழுதி அனுப்புங்கள். அங்குள்ள தோட்டச் சங்கங்களிலே வாசிக்கச் சொல்லுங்கள். படிகள் மேசையின்மேல் இருக்கின்றன. தீர்மானத்தைச் செயலாளர் இப்போது வாசிப்பார்.